கறண்ட் எங்கால வந்தது என்று கேளும்

பிள்ளை,

உயர்தர வகுப்பில் ஊடகக் கற்கைக்கு ஒப்படை செய்கிறேன் என்று எழுதியிருந்தீர். யாழ்ப்பாணத்துச் சனத்தின் பொழுதுபோக்கு கூத்தில் தொடங்கி, சினிமா, றேடியோ, ரீவி, இன்ரநெற் என்று ஒன்றை ஒன்று தள்ளிவிட்டு வந்ததாக ஒரு வரிசையும் போட்டிருந்தீர். அது சரியா என்பது உம்முடைய கேள்வி.

சரியில்லை. வேறு ஊருக்குப் பொருந்தலாம். எங்கட ஊரில் 1992 இல் ரீவிப் பெட்டிகள் சீலை மூடிக் கிடந்தன. அதே காலத்தில் கோயில் வீதியிலும் பள்ளிக்கூட முற்றத்திலும் நாடகம் பார்க்க முன்னுக்கே போய் இடம் பிடிக்க வேண்டியிருந்தது. போனதெல்லாம் திரும்பி வந்து, புதிசாய் வந்தது செத்துக் கிடந்த ஊர் இது. அது ஏன் என்பதை விளங்கப்படுத்தத்தான் இவ்வளவு நீளமாக எழுதுகிறேன்.

நான் 14 வயதில், 1974 இல், சுன்னாகத்தில் பெரியப்பாவின் றேடியோ திருத்துகிற கடையில் போய் நின்றவன். அந்த மேசைக்கு வால்வு றேடியோ வந்தது, ட்ரான்சிஸ்ரர் வந்தது, ரேப் வந்தது, வீடியோ டெக் வந்தது. இப்போது போன் வருகிறது. ஐம்பது வருசமாக அந்த மேசையில் இருந்து பார்த்ததில் எனக்குத் தெரிந்தது ஒன்று. சனம் எதைப் பார்த்தது, எதைக் கேட்டது என்பதை இங்கே தீர்மானித்தது கருவி இல்லை. கறண்ட், பற்றரி, கடுதாசி, பாதை, இந்த நாலும்தான். இவை அடைபட்ட காலத்திலெல்லாம் எங்கட சொந்தச் சரக்கு வளர்ந்தது. திறந்த காலத்தில் வெளிச்சரக்கு வந்து அதை மூடிவிட்டது.

முதலில் பழையதைச் சொல்கிறேன். வட்டுக்கோட்டைப் பக்கம் நாட்டுக்கூத்து, பாசையூர், குருநகர்ப் பக்கம் கத்தோலிக்கக் கூத்து, அம்மன் கோயில்களில் காத்தவராயன் சிந்துநடைக் கூத்து. இவை ஊருக்கு ஊர் அண்ணாவிமார் பழக்கி ஆடியவை. இவற்றோடு தமிழ்நாட்டு நாடகக் கம்பனிகள் வந்துபோனதில் இருந்து கிளைத்த இசை நாடகமும் இருந்தது. எங்கட ஆட்கள் அதைக் கொட்டகைக் கூத்து என்பார்கள், டிறாமா என்றும் சொல்வார்கள். காங்கேசன்துறை வி. வி. வைரமுத்து அரிச்சந்திரனாக நின்ற மயான காண்டத்தை நான் சின்னப் பிள்ளையாக இருந்தபோது கோயில் வீதியில் பார்த்திருக்கிறேன். ஓலைப்பாயில் நித்திரையாகிப் போன என்னை விடியப்புறம் அம்மா தட்டி எழுப்பினா. "எழும்படா, சுடலை வந்திட்டுது." மேடையில் கரி பூசிய ஒரு மனிசன் தடியோடு நின்று பாடுகிறார். பக்கத்தில் இருந்த கிழவிகள் மூக்கைச் சிந்திக்கொண்டு கேட்கிறார்கள். கதை எல்லாருக்கும் பாடம். அடுத்து என்ன நடக்கும் என்று பார்க்க ஒருவரும் வரவில்லை, அந்தப் பாட்டை அவர் இன்றைக்கு எப்படிப் பாடுகிறார் என்று பார்க்க வந்தார்கள். அன்றைக்கு மைக்கும் அம்ப்ளிபயரும் கட்டியது என் பெரியப்பா. புதுக்கருவி வந்து கூத்தைக் கொல்லவில்லை, அதன் குரலைப் பக்கத்து ஊருக்கும் கேட்கப் பண்ணியது. இதை உம்முடைய வரிசையில் எங்கே வைப்பீர்?

வாசிப்பும் கூடி இருந்து செய்த காரியம்தான். கோயிலில் கந்தபுராணம் ஒருவர் வாசிக்க மற்றவர் பயன் சொல்லுவார். உதயதாரகைப் பத்திரிகையை அமெரிக்க மிசன்காரர் 1841 இல் யாழ்ப்பாணத்தில் தொடங்கினார்கள். எங்கட சுன்னாகத்திலேயே நா. பொன்னையா 1930 இல் ஈழகேசரியைத் தொடங்கினார், அது 1958 வரை வந்தது. அடுத்த வருசம் ஈழநாடு வந்தது. இவற்றை ஆளுக்கொன்று வாங்கிப் படித்த காலம் இல்லை. வாசிகசாலையில் ஒருவர் உரத்து வாசிப்பார், சலூனில் முடி வெட்டக் குனிந்திருக்கிறவரும் இடையில் கருத்துச் சொல்லுவார். டொமினிக் ஜீவா 1966 இல் மல்லிகைச் சஞ்சிகையைத் தொடங்கியதும், சுந்தர் சிரித்திரன் என்ற நகைச்சுவைச் சஞ்சிகையை நடத்தியதும் அந்த வாசகரை நம்பித்தான்.

றேடியோவுக்கு வருவோம். இலங்கை வானொலியைத் தமிழ்நாடே கேட்டது என்று பெருமையாகச் சொல்கிறோம். அது ஏன் என்பதை உம்முடைய ஒப்படையில் எழுதும், பலர் எழுதுவதில்லை. இரண்டாம் உலக யுத்தத்தின்போது பிரித்தானியப் படையினருக்காக ஏகலவில் போட்ட பலமான சிற்றலைக் கருவி யுத்தம் முடிய எங்களிடம் வந்து சேர்ந்தது. 1952 இல் இந்தியாவின் ஒலிபரப்பு அமைச்சராக வந்த கேஸ்கர் அகில இந்திய வானொலியில் சினிமாப் பாட்டுக்குக் கட்டுப்பாடு போட்டார். பாட்டு வேண்டியவர்கள் முள்ளைத் திருப்பிக் கொழும்புக்கு வந்தார்கள். அங்கே மயில்வாகனன் இருந்தார், பிறகு கே. எஸ். ராஜா, பி. எச். அப்துல் ஹமீத், இராஜேஸ்வரி சண்முகம் எல்லாரும் வந்தார்கள். ஒரு நாட்டில் கதவைச் சாத்தினார்கள், அடுத்த நாட்டில் ஒரு குரல் வளர்ந்தது. எங்கட ஊரிலும் இதுதான் பிறகு நடந்தது.

1970களின் முற்பகுதியில் அரசாங்கம் இறக்குமதியை இறுக்கியது. இந்தியச் சஞ்சிகைகளுக்குக் கட்டுப்பாடு வந்தது. படம் இறக்குகிற உரிமை அரச திரைப்படக் கூட்டுத்தாபனத்தின் கைக்குப் போனது. யாழ்ப்பாணத்தில் ராஜா, மனோகரா, வின்சர், ராணி, றீகல் என்று தியேட்டர்கள் நிறைய, புதுப்படம் குறைவு. பழைய எம்ஜிஆர் படமும் சிவாஜி படமும் திரும்பத் திரும்ப ஓடும், சனமும் திரும்பத் திரும்பப் போகும். அந்த இடைவெளியில்தான் எங்கட எழுத்தாளரின் நாவல்களை வீரகேசரி பிரசுரமாகப் போட்டு ஊரூராக விற்றார்கள். 1972 இல் குத்துவிளக்கு, 1977 இல் தர்மசேன பத்திராஜாவின் பொன்மணி, 1978 இல் செங்கை ஆழியானின் நாவலில் இருந்து வாடைக்காற்று என்று இந்த நாட்டுத் தமிழ்ப் படங்கள் வந்தன. றேடியோவில் சிரிக்க வைத்த கோமாளிகள் 1976 இல் படமானது. எல்லாம் நல்ல படம் என்று நான் சொல்லமாட்டேன். சிலது இந்தியப் படத்தின் மங்கல் பிரதிதான். ஆனால் பொன்மணியில் எங்கட ஒழுங்கை, எங்கட வேலி, எங்கட வீட்டுத் திண்ணை திரையில் வந்தபோது என் பெரியம்மா தியேட்டருக்குள்ளேயே "உது எங்கட பக்கம் போல கிடக்கு" என்று சத்தமாகச் சொன்னா. நித்தி கனகரத்தினம், ஏ. ஈ. மனோகரன் ஆட்களின் பொப் பாட்டுகள் கலியாண வீட்டு ஸ்பீக்கரில் அலறியதும் இந்தக் காலந்தான்.

1977 இல் ஆட்சி மாறிப் பொருளாதாரம் திறந்தது. எங்கட கடையில் அந்த மாற்றத்தை நாங்கள் பெட்டி பெட்டியாகப் பார்த்தோம். யப்பான் ரேப் ரெக்கோடர்கள் வந்து இறங்கின. மத்திய கிழக்குக்குப் போனவர்கள் தோளில் காவிக்கொண்டு வந்தார்கள். ரெக்கோடிங் பார் என்று புதுத் தொழில் ஒன்று முளைத்தது. கொப்பித் துண்டில் பாட்டுகளின் பேரை எழுதிக் கொண்டுவந்து தருவார்கள். 60 நிமிசக் கசெற் ஒன்றில் ஒரு பக்கத்துக்கு ஆறு ஏழு பாட்டுப் பிடிக்கும். கடைசிப் பாட்டு அரைவாசியில் அறுபட்டால் சண்டைக்கு வருவார்கள். அதுவரை றேடியோக்காரர் போடுகிறதைத்தான் கேட்டோம். முதல் தடவையாக ஒரு மனிசன் தனக்கு வேண்டிய பாட்டைத் தனக்கு வேண்டிய நேரம் கேட்டது அப்போதுதான். இன்ரநெற் கொண்டுவந்த மாற்றம் என்று நீர் எழுதியிருப்பது இங்கே கசெற்றோடு வந்துவிட்டது.

அரசாங்கத்தின் ரீவியான ரூபவாகினி 1982 பெப்ரவரி 15 இல் தொடங்கியது. ஆனால் எங்கட கூரைகளில் அன்ரனா பார்த்தது வடக்கே. இந்தியாவின் தூரதர்சன் பிடிக்க வேண்டுமென்றால் உயரம் வேண்டும். நாங்கள் கல்வனைஸ் குழாயை ஒன்றோடொன்று பூட்டி நிமிர்த்துவோம். காற்று மாறினால் படம் புழுதியாகிவிடும். கீழே இருந்து "இப்ப சரி, இப்ப சரி, ஐயோ போட்டுது" என்று கத்துவார்கள், மேலே ஒருவன் குழாயைத் திருப்பிக்கொண்டு நிற்பான். மழைக்கு முந்தின புழுக்கமான சில இரவுகளில் மட்டும் படம் கண்ணாடி போல வரும். ஒளியும் ஒலியும் என்ற சினிமாப் பாட்டு நிகழ்ச்சி போகிற வெள்ளிக்கிழமை ரீவி உள்ள வீட்டு விறாந்தையில் அயலெல்லாம் இருக்கும். அதற்குள் டெக்கும் வந்துவிட்டது. வாடகைக்கு ரீவி, டெக், மூன்று கசெற் எடுத்தால் ஒரு இரவு முழுக்கப் படம்.

இந்தத் திறப்புக் காலத்தின் நடுவில், 1981 ஜூன் 1 இல், யாழ்ப்பாண நூலகம் எரிந்தது. ஈழநாடு அலுவலகமும் எரிந்தது. ஊடக வரலாறு எழுதுகிற ஒருவர் இந்த இரண்டு நெருப்பையும் ஒரே வரியில் எழுதவேண்டும் என்பது என் எண்ணம். ஒன்று எழுதி முடித்ததை எரித்தது, மற்றது எழுதிக்கொண்டிருந்ததை எரித்தது.

அந்தப் பத்தாண்டில் நாடகம் வேறு வேகத்தில் எழும்பியது. 1978 இல் தொடங்கிய நாடக அரங்கக் கல்லூரியின் பயிற்சி அதற்கு அடித்தளம். குழந்தை ம. சண்முகலிங்கம் எழுதிய மண் சுமந்த மேனியர் 1985 இல் வந்து ஊரூராகப் போனது. ஆட்களைத் திரையின் முன் கட்டிப்போட்டது ரீவி என்று சொல்கிறார்கள். அந்த ஆட்களே எழும்பிப் போய்ப் புழுதியில் இருந்து இந்த நாடகத்தைப் பார்த்தார்கள், ஏனென்றால் அவர்களுடைய பிள்ளைகளைப் பற்றிய கதை எந்த ரீவியிலும் போகவில்லை.

பிறகு 1990. நீர் முக்கியமாக எழுதவேண்டியது இந்த ஐந்து வருசத்தைத்தான், உம்முடைய வரிசையில் அது இல்லவே இல்லை. யுத்தம் திரும்பத் தொடங்கியது. ரூபவாகினியை வடக்குக்கு அஞ்சல் செய்த கொக்காவில் கோபுரம் அழிந்தது. தெற்கில் இருந்து வந்த கறண்ட் நின்றது. பொருளாதாரத் தடைப் பட்டியலில் பற்றரியும் இருந்தது. பெற்றோல் இல்லை, மண்ணெண்ணெயும் பொன் விலை. றேடியோ இருக்கிறது, அதற்குள் போட ஒன்றும் இல்லை. சனத்துக்குச் செய்தி சாப்பாட்டைப் போல வேண்டியிருந்தது. இரவு 9.15 க்கு பிபிசி தமிழோசை, அதோடு பிலிப்பைன்சில் இருந்து வருகிற வெரித்தாஸ், விடுதலைப் புலிகள் இயக்கத்தின் புலிகளின் குரல். எந்த ஊரில் குண்டு விழுந்தது, கப்பல் வருமா வராதா என்று இதற்குள்ளால்தான் அறியவேண்டும்.

சைக்கிள் டைனமோ வேலைக்கு வந்தது அப்படித்தான். எல்லாரும் சுற்றிச் சுற்றிக் கேட்டார்கள் என்று எழுதுகிறார்கள், அது எப்படி வேலை செய்தது என்று ஒருவரும் எழுதுவதில்லை. டைனமோவில் 6 வோல்ட் என்று போட்டிருக்கும். அதில் வருவது ஏசி. றேடியோ கேட்பது டிசி. நேரே கொடுத்தால் உறுமல்தான் வரும். நாலு டயோட்டைப் பாலமாகக் கட்டி, அதற்குக் குறுக்கே ஆயிரம் மைக்ரோபரட் கப்பாசிற்றர் ஒன்று போட்டால் குரல் தெளியும். இன்னொரு சிக்கல், டைனமோவுக்குச் சுமை குறைந்தால் வோல்ட் ஏறும். வேகமாகச் சுற்றினால் றேடியோ எரிந்துவிடும். ஆகவே சைக்கிளின் முன் பல்பைக் கழற்றக் கூடாது. அது பக்கத்தில் எரிந்துகொண்டிருந்தால் ஏறுகிற வோல்ட்டை அது இழுத்துக்கொள்ளும். பல்பு மங்கினால் இன்னும் சுற்று, மிஞ்சிப் பிரகாசித்தால் மெல்லச் சுற்று. நான் ஒவ்வொரு வீட்டிலும் இதைச் சொல்லிக்கொடுத்தேன். பின்சில்லு நிலத்தில் முட்டாமல் ஸ்ராண்டில் நிறுத்திய சைக்கிளின் பெடலை ஒரு பெடியன் கையால் சுற்றுவான். பக்கத்து வீட்டாரும் வந்து அந்தப் பல்பு வெளிச்சத்தில் இருப்பார்கள். பெடியன் களைத்தால் செய்தி வாசிக்கிறவரின் குரல் கரகரத்து மங்கும். "சுத்தடா, சுத்தடா" என்று எல்லாரும் கத்துவார்கள்.

அந்த டயோட்டுகளை நான் எங்கே எடுத்தேன் தெரியுமா? செத்துக் கிடந்த ரீவிகளில். கறண்ட் வருகிற இடத்தில், பவர் போர்டில், நாலு டயோட் வரிசையாக இருக்கும். சொந்தக்காரர் தாங்களே ரீவியைத் தூக்கிக்கொண்டு வந்து "இதை உடைச்சு றேடியோவுக்குப் போடு தம்பி" என்பார்கள். கலர் ரீவியைப் பிரித்து இரண்டு அலைவரிசை ட்ரான்சிஸ்ரருக்கு உயிர் கொடுத்த ஊர் எங்கடது. இதை வைத்துத்தான் உம்முடைய வரிசை பிழை என்று சொல்கிறேன்.

பேப்பர்களும் அப்படித்தான். அச்சுத்தாள் வராதபோது கோடு போட்ட கொப்பித்தாளில் அடித்தார்கள். பக்கம் குறைந்தது, எழுத்துச் சிறுத்தது, ஆனால் வந்தது. நாடகம் ஊருக்கு ஊர் நடந்தது. இயக்கத்தின் தெருவெளி நாடகங்கள் ஒரு பக்கம். குழந்தை சண்முகலிங்கத்தின் எந்தையும் தாயும் போன்றவை இன்னொரு பக்கம். வெளிநாடு போன பிள்ளைகளின் கடிதத்தைப் பார்த்துக்கொண்டிருக்கிற தாய் தகப்பனை அது வீட்டு முற்றத்திலேயே காட்டியது. அதைப் பார்க்க வந்த சனத்தில் பாதிப் பேர் அப்படியான தாய் தகப்பன். சில இடங்களில் ஜெனரேற்றரைச் சொட்டுப் பெற்றோலில் எடுப்பித்து, பிறகு மண்ணெண்ணெய்க்கு மாற்றி, வீடியோவில் படம் போட்டார்கள். அதற்கும் இயக்கத்தின் தணிக்கை இருந்தது, நினைத்த படத்தைப் போட முடியாது. இந்தக் காலத்தைப் பொற்காலம் என்று ஒருவராவது உமக்குச் சொன்னால் நம்பாதேயும். பிள்ளைக்குப் பால்மா இல்லை, பங்கருக்குள் படித்தார்கள். ஆனால் அந்த நெருக்கடியிலும் சனம் பாட்டும் கதையும் இல்லாமல் இருக்கவில்லை என்பது உண்மை, அதைச் செய்தவர்கள் எங்கட ஆட்கள் என்பதும் உண்மை.

கடலுக்கு அக்கரையில் இராமேஸ்வரத்தில் தூரதர்சனுக்கு 323 மீற்றர் உயரக் கோபுரம் எழும்பியது அதே 90களில்தான். எத்தனை குழாயைப் பூட்டி எத்தனை இரவு விழித்திருப்போம் அந்தப் படத்துக்காக. அது எட்டுகிற தூரத்துக்கு வந்தபோது இங்கே சுவிச்சைப் போடக் கறண்ட் இல்லை.

1995 ஒக்ரோபர் 30 இல், இராணுவம் நெருங்கி வர, எங்கட வலிகாமப் பகுதியே எழும்பிக் கிழக்கே தென்மராட்சிக்கு நடந்தது. நான் கடையில் இருந்து எடுத்தது வோல்ட் பார்க்கிற ஒரு மீற்றரும் சோல்டரிங் அயனும்தான். அடுத்த வருசம் திரும்பி வந்தபோது மேசை மட்டும் இருந்தது. அந்த ரெக்கோடிங் கசெற்றுகள், ஊர் நாடகங்களைப் பதிந்து வைத்த ரேப்புகள், ஒன்றும் இல்லை. எத்தனை குரல் அப்படிப் போனது என்று நான் இன்னும் நினைப்பதுண்டு.

அதற்குப் பிந்தியதை விரைவாகச் சொல்லலாம், உமக்கே தெரியும். 90களின் கடைசியில் சக்தியும் சூரியனும் எப்எம்மில் வந்து பேச்சுத்தமிழில் பேசின. 2002 இல் தெற்குக்குப் போகிற ஏ9 பாதை திறந்தது. சீடி, டிவிடி, டிஷ், கேபிள் எல்லாம் ஒரே லொறியில் வந்தது போல வந்தன. பின்னேரம் ஆறரைக்குப் பிறகு எந்த வீட்டுக்குப் போனாலும் சென்னை மெகா தொடர். கோயில் திருவிழாவில் நாடகத்துக்கு முன்னுக்கு இருந்த சனம் பாதியில் எழும்பி வீட்டுக்குப் போனதை நான் அப்போதுதான் முதலில் கண்டேன். இரண்டாம் திறப்பு முதல் திறப்பைவிடப் பலமாக அடித்தது. 2006 இல் பாதை மூடுபட்டது, 2009 இல் யுத்தம் முடிந்தது, 2011 இல் கொக்காவிலில் 174 மீற்றரில் புதுக் கோபுரம் நிமிர்ந்தது. நகரத்தில் குளிரூட்டிய தியேட்டரும் வந்தது.

இப்போது கதவு எந்த நேரமும் திறந்து கிடக்கிறது. என் கணக்குப்படி எங்கட சரக்கு முற்றாக அழிந்திருக்க வேண்டும். அழியவில்லை. படம் எடுக்க ஒரு போன் போதும் என்றாகிவிட்டது, முன்பு செலவுதான் எங்களைத் தடுத்தது. இந்த ஊர்ப் பெடியள் குறும்படம் எடுக்கிறார்கள். 2015 முதல் யாழ்ப்பாணத்தில் சர்வதேசத் திரைப்பட விழா நடந்திருக்கிறது. யூடியூப்பில் ஒடியல் கூழும் நல்லூர்த் தேரும் பனங்கூடலும் நிறைய. ஏன் இவ்வளவு கூழ் என்று கேட்பீர். கனடாவிலும் லண்டனிலும் இருந்து பார்க்கிற ஒருவருக்கு விளம்பரக்காரர் கொடுக்கிற விலை, சுன்னாகத்தில் இருந்து பார்க்கிறவருக்குக் கொடுப்பதைவிடப் பல மடங்கு. அதனால் வெளிநாட்டு ஆட்களின் ஏக்கத்துக்குத்தான் அதிகம் எடுக்கிறார்கள். இங்கே பஸ்ஸுக்கு நிற்கிற, வேலை தேடுகிற பெடியனின் கதை குறைவாக வருகிறது. எனக்கு இது கவலை. ஆனால் அந்தப் பெடியன் தானே ஒருநாள் எடுப்பான் என்ற நம்பிக்கையும் இருக்கு.

போன மாதம் அயலில் ஒரு செத்தவீடு. லைவ் போடக் கூப்பிட்டார்கள், நான் ஸ்ராண்டும் பவர்பாங்கும் கொண்டு போனேன். ரொறன்ரோவில் இருந்து மகன் இன்னொரு போனில் எடுத்தார். "அண்ணை, அம்மாவின்ர முகத்தைக் கொஞ்சம் கிட்டக் காட்டுங்கோ" என்றார். நான் போனைக் கழற்றிக் கையில் பிடித்துக்கொண்டு பெட்டிக்குக் கிட்டப் போய் நின்றேன். கை நடுங்காமல் இருக்க மற்றக் கையால் மணிக்கட்டைப் பிடித்தேன். தேவாரம் முடியும் வரை அப்படியே நின்றேன்.

ஒப்படைக்கு ஆட்களிடம் பேசப் போகும்போது உம்முடைய கேள்விகளின் ஒழுங்கை மாற்றும். "என்ன படம் பார்த்தீங்கள்" என்று தொடங்கினால் நாலு படத்தின் பேரோடு முடிந்துவிடும். "ஆற்ற வீட்டில இருந்து பார்த்தீங்கள், கறண்ட் எங்கால வந்தது, பக்கத்தில ஆர் இருந்தது" என்று கேளும், பிறகு நீர் எழுதிக் களைப்பீர். அம்மம்மாமாரிடம் முதலில் போம். ஒருவரும் அவர்களைக் கேட்டதில்லை.

பழைய கசெற் ஒன்றாவது அகப்பட்டால் ஆசைப்பட்டு உடனே போட்டுக் கேட்காதேயும். நாடாவில் வெள்ளைப் பூஞ்சணம் இருந்தால் ஹெட்டில் ஒட்டி அறுந்துபோகும். பெட்டியோடு கடைக்குக் கொண்டுவாரும். ஒரு டெக் இன்னும் வேலை செய்கிறது, துடைத்துச் சுற்றிப் பதிந்து தருகிறேன்.